அடி வாங்கத் தெரிந்தவள்

எங்கள் அய்யா ஆட்டு வியாபாரி. முதுகுளத்தூரைச் சுற்றியுள்ள ஊர்களில் கிடாய் பிடித்து ஏர்வாடி, கீழக்கரைப் பக்கம் கறிக்கடைகளுக்குக் கொண்டுபோய்ப் போடுவார். ஆடு கட்டுகிற கயிறுகள் வீட்டுச் சுவரில் ஆணியில் தொங்கும். அந்தக் கயிறு ஆட்டைவிட எங்களைத்தான் அதிகம் தொட்டிருக்கும். குடித்தால் அடிப்பார் என்று சொல்ல முடியாது, குடிக்காமலும் அடிப்பார். கிடாய் விலை இறங்கினால், வண்டியில் ஒரு ஆடு மூச்சுமுட்டிச் செத்தால், குழம்பில் உப்பு தூக்கலாக இருந்தால், அம்மா மேல் கயிறு விழும். அம்மா மூலைக்கு ஒதுங்குவாள். அப்போது அக்கா போய் நடுவில் நிற்பாள்.

அக்கா எனக்கு நாலு வயது மூத்தவள். அய்யாவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, அம்மாவைச் சுவரோடு சேர்த்து அணைத்தபடி நிற்பாள். சத்தம் போடமாட்டாள், அழமாட்டாள். கை ஓய்ந்து அய்யா கயிற்றைக் கீழே போட்டதும் அதை எடுத்து ஆணியில் மாட்டிவிட்டு அடுப்படிக்குப் போய்விடுவாள். ஊரில் அவளைப் பற்றிப் பேசினால், “அந்தப் பிள்ள இருக்கிற எடமே தெரியாது” என்பார்கள். பாராட்டாகத்தான் சொல்வார்கள்.

பள்ளிக்கூடத்தில் கபடிக்கு அவளைச் சேர்த்ததும் இந்தக் குணத்தால்தான். ஆள் குறைகிறது என்று விளையாட்டு டீச்சர் ஒருநாள் அவளை இறக்கிவிட்டார். மூன்று பிள்ளைகள் மேலே விழுந்து அமுக்கினார்கள். அக்கா ஒன்றும் சொல்லாமல் எழுந்து, மண்ணைத் தட்டிவிட்டு, மறுபடியும் போய் நின்றாள். டீச்சர் அன்றைக்கே பெயரை எழுதிக்கொண்டார்.

விடுமுறையில் வறண்ட கண்மாய்க்குள் என்னை வைத்துத்தான் பழகுவாள். நான் காலைப் பிடிக்க வேண்டும், அவள் உதறிக்கொண்டு ஓட வேண்டும். வருஷக்கணக்கில் இதுதான் என் வேலை. எனக்கு ஆட்டம் வராது. ஆனால் அவள் எந்தப் பக்கம் திரும்புவாள், பாய்வதற்கு முன் வலது தோள் எப்படி லேசாக இறங்கும் என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. என் முழங்கை சிராய்த்துவிட்டால் அவளுக்கு ஆட்டமே ஓடாது. “வலிக்குதா ஆத்தா?” என்று கேட்டுக்கொண்டே தாவணி முனையில் எச்சில் தொட்டுத் துடைப்பாள்.

களத்திலும் அப்படித்தான். எதிராளியைத் தொட்டு அவுட் ஆக்கிவிட்டு “சாரி” சொல்லுவாள். நடுவர் தப்பாக அவுட் கொடுத்தால்கூடத் தலையைக் குனிந்து வெளியே போய் உட்கார்ந்துகொள்வாள். “நீ என்ன கோயிலுக்கா வந்திருக்க, சண்ட போடு” என்று டீச்சர் திட்டுவார். அக்கா சிரிப்பாள்.

பிறகு விளையாட்டு விடுதி, கல்லூரி அணி, மாநில அணி. மாநில அணியில் பெயர் இருந்ததே தவிர, பெரும்பாலும் வெளியே உட்கார்ந்து மற்றவர்களுக்குத் தண்ணீர் பாட்டில் எடுத்துக் கொடுத்தாள். ஒரு தேசியப் போட்டியின் இறுதி ஆட்டத்தில் பாடிப் போகிற முக்கியமான பெண்ணுக்குத் தோள்பட்டை இறங்கிவிட்டது. வேறு ஆள் இல்லாமல் அக்காவை உள்ளே அனுப்பினார்கள்.

நான் அப்போது முதுகுளத்தூரில் ஒரு மெடிக்கல் ஷாப்பில் வேலைக்கு நின்றேன். முதலாளி தன் செல்போனை என்னிடம் நீட்டி, “இது உங்க அக்கா தானம்மா?” என்றார். அந்த இறுதி ஆட்டத்தின் கடைசிப் பாட்டு, அக்காதான் பாடிப் போயிருக்கிறாள். எதிர்ப்பக்கத்துப் பெண்கள் நாலு பேர் அவள் மேல் கிடக்கிறார்கள். அத்தனை பேரையும் இழுத்துக்கொண்டு அவள் நடுக்கோட்டை நோக்கி நகர்கிறாள். ஒருத்தி முகத்தில் முழங்கையால் குத்துகிறாள், அக்காவின் உதடு கிழிந்து ரத்தம் ஆட்ட விரிப்பில் சொட்டுகிறது. விரல்கள் கோட்டைத் தொடுகின்றன. அவ்வளவுதான். சாயந்திரத்துக்குள் ராமநாதபுரம் மாவட்டத்தில் செல்போன் வைத்திருந்தவர்கள் எல்லாரும் அந்த வீடியோவை ஸ்டேட்டஸில் போட்டுவிட்டார்கள்.

அவள் ஊருக்கு வந்த அன்றைக்கு முதுகுளத்தூர் பஸ் ஸ்டாண்டிலிருந்து திறந்த ஜீப்பில் கூட்டிவந்தார்கள். மேளம், வெடி, மாலை. அய்யா புதுவேட்டி கட்டி ஜீப்பில் அவளுக்குப் பக்கத்தில் நின்றார். அவளுக்கு விழுந்த மாலைகளில் பாதியை அவர் வாங்கித் தன் கழுத்தில் போட்டுக்கொண்டார். அக்கா எப்போதும்போலத் தலையைக் குனிந்தபடி வந்தாள். கையைத் தூக்கிக் காட்டச் சொல்லி யாரோ அவள் கையைப் பிடித்து உயர்த்திவிட்டார்கள். அப்புறம் கொஞ்சம் கொஞ்சமாக அவளாகவே தூக்கினாள்.

பொழுது சாய்கிற நேரத்தில் கூட்டம் கலைந்தது. வாசலில் கிடந்த மாலைகளை ஆடுகள் மேய்ந்துகொண்டிருந்தன. அய்யா தன் கூட்டாளிகளை உட்காரவைத்துக் குடிக்க ஆரம்பித்திருந்தார். கோழி அடித்துக் குழம்பு வைக்கச் சொன்னார். அம்மா அவர்கள் முன்னால், “பிள்ள களைச்சு வந்திருக்கா. நாளைக்கு வச்சுக்கிருவமே” என்றாள். அய்யா எழுந்தார். அம்மாவின் கொண்டையைப் பிடித்துத் தலையை நிலைக்கதவில் மோதினார். ஒருமுறை மோதிவிட்டு மறுபடியும் இழுத்தார்.

அக்கா சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். தட்டைக் கீழே வைத்தாள். கையைக் கழுவினாள், துண்டில் துடைத்தாள். அது எனக்கு இன்றைக்கும் கண்ணில் நிற்கிறது, அவ்வளவு நிதானம். பிறகு வந்து அய்யாவின் வலது மணிக்கட்டைப் பிடித்தாள்.

“விடுடி” என்றார் அய்யா.

அவள் கையை முறுக்கி, அவருடைய தோளுக்கு அடியில் புகுந்து, அவரைத் தூக்கி வாசலில் போட்டாள். அவர் விழுந்த பிறகும் மணிக்கட்டை விடவில்லை. காய்ந்த சுள்ளியை ஒடிக்கிற மாதிரி ஒரு சத்தம் கேட்டது. அய்யா அலறினார். நெஞ்சில் முழங்காலை ஊன்றிக்கொண்டு இரண்டு கன்னத்திலும் மாறி மாறி அறைந்தாள். அவர் மூக்கிலிருந்து ரத்தம் வழிந்து புதுவேட்டியில் இறங்கியது. கூட்டாளிகள் செருப்பைத் தேடி எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார்கள். தெருவில் நின்ற ஒரு பெண், “இன்னும் ரெண்டு போடுத்தா” என்றாள். நானும் அதைத்தான் நினைத்தேன். என் வாழ்நாளில் அப்படி ஒரு சந்தோஷம் எனக்கு வந்ததில்லை.

அம்மா மட்டும்தான் நெற்றியில் வழிந்த ரத்தத்தோடு வந்து அக்காவின் கையைப் பிடித்து, “போதும்” என்றாள். அக்கா அதற்குப் பிறகும் இரண்டு அடி அடித்தாள்.

அய்யாவின் மணிக்கட்டுக்குக் கட்டுப்போட்டு வைத்தார்கள். அது கோணலாகத்தான் சேர்ந்தது. ஒரு கிடாயை இழுத்துப் பிடிக்கக்கூட அந்தக் கை உதவவில்லை. அதன்பின் அவர் எங்கள் யார் மேலும் கை வைக்கவில்லை. கட்டிலும் அவருமாகக் கிடந்தார்.

அக்காவுக்கு அரசாங்க வேலை கிடைத்தது. இந்திய அணிப் பயிற்சி முகாமுக்கும் கூப்பிட்டார்கள். முகாம் முடிந்து ஊருக்கு வரும்போதெல்லாம் யாராவது ஒரு பெண் வாசலில் காத்திருப்பாள். “ஒங்க அய்யாவ அடக்குன மாதிரி எம் புருசனையும் ஒரு வார்த்த கேளுத்தா” என்பாள். அக்கா போவாள். நயினார்கோவில் பக்கத்து ஊர் ஒன்றில், கர்ப்பமாக இருந்த மனைவியை வயிற்றில் மிதித்த ஒருவனை டீக்கடையிலிருந்து சட்டையைப் பிடித்து இழுத்துவந்து ரோட்டில் போட்டு உதைத்தாள். அவனுடைய முன்பல் இரண்டு போயிற்று. யாரோ அதைப் படம் எடுத்துப் பரப்பினார்கள். கீழே பாராட்டி ஆயிரம் பேர் எழுதினார்கள்.

ஆட்ட வீடியோவைக் காட்டினால் முன்பெல்லாம் வெட்கப்பட்டு முகத்தைத் திருப்பிக்கொள்வாள். இந்த வீடியோவைக் கட்டிலில் சாய்ந்துகொண்டு திரும்பத் திரும்பப் பார்த்தாள். அவன் கீழே விழுகிற இடத்தில் நிறுத்தி, பின்னால் இழுத்து, மறுபடியும் ஓடவிட்டாள்.

அப்புறம் காரணங்கள் சிறுத்துக்கொண்டே வந்தன. சந்தையில் தன் பைக்கை உரசிவிட்ட பையனின் காதைப் பிடித்துத் திருகி, ஹெல்மெட்டால் முகத்தில் அடித்தாள். பரோட்டாக் கடையில் தனக்கு வைத்த நாற்காலியில் வேறு ஆளை உட்காரவைத்தார்கள் என்று சப்ளையர் மேல் கொதிக்கிற சால்னாவைத் தட்டிவிட்டாள். அவர் தோள் தோலுரிந்து போனது. கடைக்காரர் வெளியே வந்து அக்காவிடமே மன்னிப்புக் கேட்டார். அவளோடு ஒரு செல்ஃபியும் எடுத்துக்கொண்டார்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்த பிறகு கேட்டேன். “அந்த மனுசன் என்னக்கா செஞ்சாரு?”

“அடிச்சாத்தான் மதிக்கிறாய்ங்க. நம்ம அய்யா இப்ப எப்படி இருக்காரு பாத்தியா?”

“அவரும் அப்படித்தான சொல்லிக்கிட்டு அடிச்சாரு.”

அவள் என்னைப் பார்த்த பார்வையில் நான் எழுந்து உள்ளே போய்விட்டேன்.

அவளுக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது என்று ஊரில் பேசிக்கொண்டார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அவளுடைய அடக்கம் என்று நாங்கள் எல்லாரும் மெச்சிக்கொண்டிருந்தது பாதி பயம். அந்தப் பயம் ஒரே நாளில் கழன்று விழுந்தது. அது இருந்த இடத்தில் வைத்துக்கொள்ள அவளிடம் வேறு எதுவும் இல்லை. பலம் வந்தவர்கள் என்ன செய்வார்கள் என்று அவள் பார்த்து வளர்ந்தது ஒருத்தரைத்தான்.

ஏர்வாடிக்கு இந்தப் பக்கம் கடலோரக் கிராமம் ஒன்றில் பெண்கள் கபடிப் போட்டி நடத்தினார்கள். அக்காவைச் சிறப்பு விருந்தினராகக் கூப்பிட்டிருந்தார்கள். நானும் கூடப் போனேன். கடற்கரை மணலிலேயே கோடு போட்டிருந்தார்கள். ஓரத்தில் வலைகள் குவிந்து கிடந்தன. ஆட்டங்கள் முடிந்து கோப்பை கொடுப்பதற்கு முன்னால், “நம்ம ஊருப் பிள்ளைகளோட ரெண்டு பாட்டு பாடிக் காட்டணும்” என்று மைக்கில் கேட்டார்கள். அக்கா கூந்தலைச் சுருட்டிக் கட்டிக்கொண்டு இறங்கினாள்.

முதல் பாட்டில் சும்மா போய் ரெண்டு பேரைத் தொட்டுவிட்டு வந்தாள். கூட்டம் கைதட்டியது. அடுத்த பாட்டில், மூலையில் நின்ற ஒரு பெண் குனிந்து பாய்ந்து அக்காவின் கணுக்காலைப் பிடித்தாள். கல்லூரி முதல் வருஷம் படிக்கிற பெண், ஒல்லி, கறுப்பு. அவளுடைய அம்மா மீன் விற்கிறவள் என்று பிறகு தெரிந்தது. பிடித்த பிடியை விடவில்லை. அக்கா குப்புற விழுந்தாள். வாய் நிறைய மணல்.

கடற்கரை முழுக்கச் சிரித்தது. மைக்கில் இருந்தவர், “சாம்பியனையே சாச்சுப்புட்டா நம்ம ஊருப் பிள்ள” என்றார். அக்கா மணலைத் துப்பிக்கொண்டு எழுந்தாள். சிரித்தாள்கூட. அந்தப் பெண் பதறிப்போய், “சாரிக்கா” என்றாள்.

அவர்கள் கேட்டது ரெண்டு பாட்டுதான். மூன்றாவது பாட்டுக்கு அக்கா நடந்து போகும்போதே நான் எழுந்து நின்றுவிட்டேன். அவள் வேறு யாரையும் பார்க்கவில்லை. நேராக அந்த மூலைக்குப் போனாள். பாய்வதற்கு முன் தோள் இறங்குமே, அது இறங்கவில்லை. தப்பி ஓடுகிற எண்ணமே அவளுக்கு இல்லை. காலைக் கொடுத்தாள். அந்தப் பெண் பிடித்தாள். பிடித்ததும் அக்கா உடம்பை ஒரு சுழற்று சுழற்றி, நீட்டிக்கிடந்த அவளுடைய காலின் மேல் தன் முழங்காலை முழுப் பாரத்தோடு இறக்கினாள்.

முட்டி எந்தப் பக்கம் மடங்கக் கூடாதோ அந்தப் பக்கம் மடங்கியது. அந்தப் பெண் போட்ட கூச்சலில் வலைமேல் உட்கார்ந்திருந்த காக்கைகள் எழும்பின. அக்கா எழுந்து நடுக்கோட்டுக்கு வந்து, அதைத் தொட்டு, பாயிண்டுக்காகக் கையைத் தூக்கினாள்.

யாரும் கைதட்டவில்லை. கூட்டத்தைப் பிளந்துகொண்டு ஒரு அம்மா ஓடிவந்தாள். கைகளில் மீன் செதில் காயாமல் ஒட்டியிருந்தது. மகளின் காலைப் பார்த்துவிட்டு அக்காவின் பனியனைக் கொத்தாகப் பிடித்தாள். “எம் பிள்ள கால என்னடி செஞ்ச?”

“ஆட்டம்னா அடி படத்தான் செய்யும். கைய எடு.”

அவள் எடுக்கவில்லை. அக்கா அறைந்தாள். அந்த அம்மா மகள் மேலேயே போய் விழுந்தாள்.

அதற்குப் பிறகு நடந்தது எனக்குத் துண்டு துண்டாகத்தான் ஞாபகம் இருக்கிறது. ஒரு பிளாஸ்டிக் நாற்காலி பறந்து வந்தது. சிப்பியும் கல்லும் விழுந்தன. துடுப்போடு ஒருவர் ஓடிவந்தார். போட்டி நடத்தியவர்களில் ரெண்டு பேர் குறுக்கே விழுந்து எங்களைக் காரில் தள்ளினார்கள். காரின் முன்கண்ணாடி உடைந்து டிரைவரின் நெற்றியைக் கிழித்தது. அவர் ஒரு கையால் ரத்தத்தைத் துடைத்தபடியே ஓட்டினார். என் தலைமுடிக்குள் கண்ணாடித் துகள்கள். முன் சீட்டில் அக்கா அந்த ஊரையும், அந்தப் பெண்ணையும், அவளைப் பெற்றவளையும் வழிநெடுகத் திட்டிக்கொண்டே வந்தாள். அய்யா அம்மாவைத் திட்டுகிற அதே வார்த்தைகள், அதே வரிசை.

வீட்டில் அம்மா என் முகத்தைப் பார்த்துவிட்டு என்னவென்று கேட்டாள். நடந்ததைச் சொன்னேன். அம்மா அக்காவிடம் திரும்பினாள்.

“அந்தப் பிள்ள ஒன்ன என்னடி செஞ்சுச்சு? வெளையாடத்தான செஞ்சா?”

“ஒனக்கு ஒன்னும் தெரியாது. பேசாம இரு.”

“ஒங்க அய்யாகூட அடுத்தவ பெத்த பிள்ளைய அடிச்சதில்ல” என்றாள் அம்மா.

அக்கா கையை ஓங்கியதைத்தான் பார்த்தேன். அம்மா ஆட்டுரல் மேல் சாய்ந்து விழுந்தாள். புருவம் பிளந்து ரத்தம் கண்ணுக்குள் இறங்கியது. அக்கா நிற்கவில்லை. சுவரிலிருந்து கயிற்றை உருவினாள். கட்டிலில் கிடந்த அய்யாவிடம் யாரும் பேசவில்லை, யாரும் அவரைப் பார்க்கக்கூட இல்லை. ஆனாலும் அவர் கோணல் கையோடு இரண்டு கைகளையும் தலைக்கு மேல் வைத்துக்கொண்டு சுருண்டார்.

நான் அக்காவின் காலுக்குப் பாய்ந்தேன்.

கண்மாய்க்குள் எத்தனை வருஷம் பிடித்த கால். அவள் உதறினாள், நான் விடவில்லை. குப்புற விழுந்தாள். மற்றக் காலால் என் கழுத்துக்குக் கீழே உதைத்தாள். காரை எலும்பு உடைந்தது எனக்கே கேட்டது. ஒரு பக்கம் கை செத்த மாதிரி தொங்கியது. இருந்த கையால் அவள் கூந்தலைச் சுற்றிப் பிடித்து, முதுகில் ஏறி, முகத்தைத் தரையோடு அமுக்கினேன். அவள் தலையைப் பின்னால் வீசி என் வாயில் இடித்தாள். வாயில் பல் துண்டு உருண்டது. என் ரத்தம் அவள் கழுத்தில் கொட்டியது. நான் அவளைக் கொன்றுவிடுவேன் என்று நினைத்தேன். அந்த நேரத்தில் அது பெரிய விஷயமாகவே படவில்லை.

“விடுடி” என்றாள் ரொம்ப நேரம் கழித்து. “நான் அடிக்கல. விடு.”

நான் விடவில்லை. அம்மாதான் சுவரைப் பிடித்து எழுந்து வந்து, அவள் விரல்களைப் பிரித்துக் கயிற்றை எடுத்தாள். முகத்தில் ரத்தம் வழிய, எங்கள் இரண்டு பேருக்கும் முன்னால் உட்கார்ந்து பேசினாள்.

“இந்த வீட்டுல இனி யார் கையோங்கினாலும் நான் அருவாளத்தான் எடுப்பேன். கட்டுனவனா இருந்தாலும் சரி, பெத்ததா இருந்தாலும் சரி.”

குரல் உயரவே இல்லை. அக்கா தரையில் கன்னத்தை வைத்தபடியே அதைக் கேட்டுக்கொண்டு கிடந்தாள். பிறகு உடம்பு தளர்ந்தது. அழுதாளா என்று எனக்குத் தெரியாது, அவள் முகம் எனக்குத் தெரியவில்லை.

வழக்கு எதுவும் வரவில்லை. இரண்டு பக்கத்துப் பெரிய ஆட்களும் பேசி, ஆட்டத்தில் பட்ட அடி என்று முடித்துவிட்டார்கள். அந்தப் பெண்ணுக்கு மதுரையில் ஆபரேஷன் நடந்தது. அக்கா மறுபடியும் முகாமுக்குப் போனாள். கடற்கரையில் நடந்ததும் யாரோ எடுத்த வீடியோவாகச் சுற்றியது. முன்பு பாராட்டி எழுதியவர்கள் இப்போது வாயில் வராத வார்த்தையெல்லாம் எழுதினார்கள். அவள் அதையும் விடாமல் வாசித்தாளாம். கூட இருந்த பெண் ஒருத்தி எனக்குப் போனில் சொன்னாள்.

சில மாதம் கழித்து அக்கா சொல்லாமல் கொள்ளாமல் வந்து நின்றாள். “அந்தப் பிள்ளையப் பாக்கணும். கூட வா” என்றாள். எனக்குப் போக மனசில்லை. தோள் இன்னும் முழுசாக ஆறவில்லை. இருந்தாலும் தனியாக அனுப்பப் பயந்து போனேன். அவளுக்கு என்ன ஆகுமோ என்ற பயம் இல்லை, அவள் என்ன செய்வாளோ என்ற பயம்.

நடுப்பகலில் போய்ச் சேர்ந்தோம். அந்தப் பெண்ணின் அம்மா வாசலிலேயே மறித்தாள். “ஒன்னப் பாத்தா அவ நடுங்குவா. போயிரு” என்றாள். அக்கா வெயிலில் நின்றாள். ஊர்க்காரர்கள் கூடினார்கள். ஒருவர் அக்காவின் முகத்தில் காறித் துப்பினார். நான் அக்காவின் கைகளைத்தான் பார்த்தேன். அக்கா அதைத் துடைக்கவில்லை, கையையும் தூக்கவில்லை. இரண்டு கைகளையும் பின்னால் கோத்துக்கொண்டு நின்றாள். விரல்கள் ஒன்றையொன்று நெரித்துக்கொண்டிருந்தன. அடித்துவிடாமல் இருக்க அவள் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

கொஞ்ச நேரத்தில் அந்தப் பெண்ணே கதவைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தாள். ஒரு கால் விறைத்தபடி இருந்தது. நடுங்கத்தான் செய்தாள். ஆனால் பேசினாள்.

“நான் அன்னைக்குப் பிடிச்சது தப்பான பிடியாக்கா? அதனாலதான் அடிச்சீங்களா? எங்க கோச் சரியான பிடின்னு சொல்றாரு.”

அக்கா அவளுடைய விறைத்த காலைப் பார்த்தாள். “சரியான பிடிதான்” என்றாள். “அப்படி என்ன யாரும் பிடிச்சதில்ல. அதான் என்னால தாங்க முடியல.”

அந்தப் பெண் தலையை ஆட்டினாள். “இனி என்னால ஆட முடியாது” என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். அவள் அம்மா கதவைச் சாத்தினாள். மன்னிப்பு என்ற பேச்சே எந்தப் பக்கமும் எழவில்லை.

அதற்கடுத்த வருஷம் அக்கா ஆட்டத்தை விட்டாள். யாரும் அவளை விலக்கவில்லை. மேல வந்து விழுகிறவர்களைப் பார்த்தால் கை தானாக மூஞ்சிக்குப் போகிறது, நம்பி இறங்க முடியவில்லை என்று என்னிடம் சொன்னாள். இப்போது சென்னையில் ஆபீஸ் வேலையோடு இருக்கிறாள். அய்யா செத்துப்போனார். காரியத்துக்கு வந்தவள் ஓரமாக நின்றுவிட்டுப் போனாள்.

போன மாதம் வந்திருந்தாள். அடுப்படியில் அம்மாவின் கை தவறிச் சட்டி விழுந்து உடைந்தது. அக்கா சட்டென்று எழுந்தாள், உதவத்தான். அம்மா பின்னால் நகர்ந்து கதவுக்கு அந்தப் பக்கம் போய்விட்டாள். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அக்கா மெதுவாக உட்கார்ந்தாள்.

“நான் வெரசாக் கெளம்புறேம்மா. பஸ்ஸு இருக்கு.”

அம்மா உடைந்த சில்லுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்க்காமல், “நகரை மீன் வாங்கியிருக்கேன். இருந்து தின்னுட்டுப் போ” என்றாள்.

அக்கா இருந்தாள்.